சித்திரக்கதை வரைந்த மருத்துவர்



உங்கள் குறிப்பேடுகளைத் திருத்தும்போது, பாடம் எழுதிய பக்கங்களைக் காட்டிலும் கடைசிப் பக்கமே எனக்குச் சுவையாக அமைவதுண்டு. காதுகள் இல்லாத நீல நிறப் பூனையொன்று அங்கே பலமுறை தலைகாட்டியிருக்கிறது. வயிற்றுப் பையிலிருந்து வியத்தகு கருவிகளை எடுத்துத் தரும் டோரேமான் என்னும் அந்த இயந்திரப் பூனையை அறியாத பிள்ளைகள் இன்று நம் நாட்டில் மிகச் சிலரே. அதனை நீங்கள் இந்தியிலோ வேறு மொழியிலோ பேசக் கேட்டிருப்பீர்கள். அது பிறந்த நாடு ஜப்பான். அந்தக் கதையை ஜப்பானியச் சிறுவர்கள் முதன்முதலில் இதழ்களில் படித்தது, 1969ஆம் ஆண்டின் இறுதியில்.

டோரேமானை வரைந்தவர் ஃபுஜிமோதோ ஹிரோஷி. அவரும் அவருடைய பள்ளித் தோழரும் ஃபுஜிகோ ஃபுஜியோ என்னும் ஒரே புனைபெயரில் எழுதி வந்தனர். இருவரும் இருபது வயது இளைஞராய் 1954ஆம் ஆண்டில் பிழைப்புத் தேடி டோக்கியோ நகரத்துக்கு வந்தபோது, தோக்கிவா என்னும் மரத்தாலான வாடகைக் குடியிருப்பில் ஓர் அறை கிடைத்தது. அவ்வறையை அப்போதுதான் காலி செய்த ஒருவர், வீட்டு உரிமையாளரிடம் தாம் கட்டியிருந்த முன்பணத்தைத் திரும்பப் பெறாமல் அவர்களுக்காக விட்டுச் சென்றார். தாம் அமர்ந்து வரைந்த மேசையையும் அங்கேயே விட்டுவைத்தார். அவருக்கும் அப்போது வயது இருபத்தைந்துதான். ஆனால், ஜப்பானியச் சிறுவர் உலகில் அவர் பெயரை அறியாதார் அன்றே இல்லை. ஒசாமு தெசுகா என்னும் அம்மனிதரின் வாழ்க்கையையே இப்பாடத்தில் படிக்கப் போகிறோம்.

தெசுகா 1928ஆம் ஆண்டு நவம்பர் மாதம் 3ஆம் நாள், ஒசாகாவை அடுத்த தொயோனாகா என்னும் ஊரில் பிறந்தார். அந்நாள் முந்தைய பேரரசர் மெய்ஜியின் பிறந்தநாள் ஆதலால், அப்பேரரசரின் பெயரிலுள்ள ஓர் எழுத்தையே பெற்றோர் குழந்தைக்குப் பெயராகச் சூட்டினர். ஜப்பானிய மொழியில் ஒரே எழுத்தைப் பலவாறு ஒலிக்கலாம். அவ்வெழுத்தின் மற்றோர் ஒலிப்பே ஒசாமு. இந்தப் பெயருக்கு அவரே பின்னர் ஒரு வால் சேர்த்த கதை சிறிது நேரத்தில் வரும்.

ஐந்து வயதில் குடும்பம் தகராசுகா என்னும் ஊருக்குக் குடிபெயர்ந்தது. தந்தை ஒரு பெருநிறுவனத்தில் பணியாற்றினார். ஒளிப்படத்திலும் திரைப்படத்திலும் பெருவிருப்பம் கொண்டவர். வீட்டிலேயே படம் காட்டும் சிறு கருவியொன்றை வாங்கி வைத்திருந்தார். சாப்ளின் நடித்த படங்களையும், வால்ட் டிஸ்னியின் அசைவூட்டப் படங்களையும் தெசுகா அந்தக் கருவியின் வழியாகவே முதலில் கண்டார். தாய் பியானோ வாசிப்பார். சித்திரக்கதைகளை எடுத்து வைத்துக்கொண்டு ஒவ்வொரு பாத்திரத்துக்கும் ஒவ்வொரு குரல் கொடுத்துப் பிள்ளைகளுக்குப் படித்துக் காட்டுவார். சித்திரக்கதை படித்தால் பிள்ளை கெட்டுவிடும் என்று பெரும்பாலான பெற்றோர் எண்ணிய காலத்தில், அதைத் தாமே வாங்கித் தந்து நடித்தும் காட்டிய தாயைப் பெற்றது அவருடைய நற்பேறு. ஜப்பானியர் சித்திரக்கதையை மங்கா என்பர். இனி அச்சொல்லையே நாமும் ஆள்வோம்.

அந்த ஊரின் நாடக அரங்கைப் பற்றியும் கூற வேண்டும். ஜப்பானின் மரபு நாடகங்களுள் புகழ்பெற்றது கபுகி. 1603ஆம் ஆண்டளவில் கியோத்தோ நகரில் ஒகுனி என்னும் பெண் ஆடிய ஆட்டத்திலிருந்து அக்கலை தோன்றியது. ஒரு பெண் தொடங்கிய அந்தக் கலையின் மேடையில் பெண்கள் ஏறக்கூடாது என 1629இல் அரசு தடை விதித்தது. அதன்பின் பெண் வேடங்களையும் ஆடவரே பூண்டனர். தகராசுகாவில் இம்முறை தலைகீழாயிற்று. அவ்வூருக்குத் தொடர்வண்டிப் பாதை அமைத்த நிறுவனத்தின் தலைவர் கொபயாஷி இச்சிசோ, வண்டியில் பயணிகள் நிறைய வேண்டுமே என்று எண்ணி, பாதையின் கடைசி ஊரில் பெண்கள் மட்டுமே ஆடிப் பாடும் ஒரு குழுவை அமைத்தார். 1914இல் அதன் முதல் நிகழ்ச்சி அரங்கேறியது. அங்கே இளவரசனும் பெண், படைவீரனும் பெண். ஒளி வெள்ளமும் இசையும் பளபளக்கும் உடைகளும் நிறைந்த அந்த அரங்குக்குத் தாய் தம் மகனை அடிக்கடி அழைத்துச் சென்றார். அந்நடிகையருள் சிலர் அவர்களுக்கு அண்டை வீட்டார். சிறுவன் மனத்தில் பதிந்த அந்தப் பெரிய கண்களும் வாளேந்திய மங்கையரும் பின்னாளில் தாளில் மீண்டும் உயிர்பெற்றனர்.

பள்ளி வாழ்க்கை அத்துணை இனிமையாக இல்லை. சிறிய உடல், சுருண்ட தலைமுடி, மூக்குக் கண்ணாடி. இவை மூன்றும் சேர்ந்து, பிற மாணவர் அவரைக் கேலி செய்யவும் அழவைக்கவும் போதுமானவையாக இருந்தன. புதிய ஊரில் புதிய பள்ளியில் பேச்சு வேறுபட்டதற்காகவோ பெயர் வேறுபட்டதற்காகவோ ஏளனம் பட்டவர்கள் உங்களிலும் இருக்கலாம். ஆகவே இதனை நான் விரித்துரைக்கத் தேவையில்லை. அவருக்குத் தெரிந்த ஒரே தற்காப்பு, பிறரால் செய்ய இயலாத ஒன்றைச் செய்வது. அவர் மங்கா வரைந்தார். கேலி செய்தவர்களே அதைப் படிக்கக் கூடினர். ஒருநாள் வகுப்பில் அந்தக் குறிப்பேடு ஆசிரியரிடம் அகப்பட்டது. பறிமுதல் செய்யப்பட்ட குறிப்பேடு ஆசிரியர் அறைக்குள் சென்று, அங்கே ஒவ்வொரு ஆசிரியர் கையாக மாறி மாறிப் படிக்கப்பட்டது! அதன்பின் அவர் வரைவதை எவரும் தடுக்கவில்லை. அந்த ஆசிரியர்கள் செய்தது பள்ளி விதிக்கு உகந்ததா என்று என்னைக் கேளாதீர்கள்.

வரைவதற்கு அடுத்து அவர் நேசித்தது பூச்சிகளை. தகராசுகாவைச் சூழ்ந்த குன்றுகளில் வண்டுகளையும் வண்ணத்துப்பூச்சிகளையும் தேடித் திரிந்தார். அவற்றை நுணுகி நோக்கி வண்ணப் படங்களாகத் தீட்டினார். ஜப்பானிய மொழியில் தரையில் ஊரும் ஒருவகை வண்டுக்கு ஒசாமுஷி என்று பெயர். முஷி என்றால் பூச்சி. தம் பெயர் வண்டின் பெயரிலேயே அடங்கியிருப்பதைக் கண்டு மகிழ்ந்த சிறுவன், தன் பெயரின் இறுதியில் பூச்சியைக் குறிக்கும் எழுத்தையும் சேர்த்து எழுதத் தொடங்கினான். பேரரசரின் எழுத்தும் பூச்சியின் எழுத்தும் அருகருகே நின்றன. வாழ்நாள் முழுவதும் தம் நூல்களில் அவர் இட்ட பெயர் அதுவே.

இரண்டாம் உலகப் போர் அவருடைய இளமையின் குறுக்கே வந்தது. மாணவர்கள் வகுப்பறையை விட்டுப் போர்க்கருவித் தொழிற்சாலைகளுக்கு அனுப்பப்பட்டனர். போர்க்காலப் பயிற்சி முகாமில் இருந்தபோது அவருடைய இரு கைகளிலும் தோல்நோய் பரவி, கைகளையே வெட்ட நேருமோ என்னும் நிலை உண்டாயிற்று. ஒரு மருத்துவர் அக்கைகளைக் காப்பாற்றினார். தாமும் மருத்துவராக வேண்டும் என்னும் எண்ணம் அப்போது அவருள் முளைவிட்டது. அந்த மருத்துவர் காப்பாற்றிய கைகள் பின்னாளில் எத்தனை பக்கங்களை வரைந்தன என்பதைப் பாடத்தின் இறுதியில் கணக்கிடுவோம்.

1945ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம். குண்டுவீச்சுக்கு அஞ்சிச் சிறுவர்களை ஊர்ப்புறங்களுக்கு அனுப்பிவிட்டதால், ஒசாகாவில் ஒரு திரையரங்கு ஏறத்தாழ ஆளின்றிக் கிடந்தது. அங்கே ஓடியது மொமொதாரோவைப் பற்றிய அசைவூட்டப் படம். பீச் பழத்திலிருந்து பிறந்த மொமொதாரோ என்னும் சிறுவனின் கதை ஜப்பானியப் பாட்டிமார் வழிவழியாகச் சொல்லி வந்த நாட்டுப்புறக் கதை. அந்தப் பழங்கதையைக் கடற்படையினர் தம் போர்ப் பரப்புரைக்குப் பயன்படுத்திக்கொண்டிருந்தனர். தெசுகாவோ அதில் போரைக் காணவில்லை. காற்றில் மிதக்கும் விதைகளையும், பாட்டுப் பாடும் விலங்குகளையும் கண்டார். வெறிச்சோடிய அரங்கில் அமர்ந்து கண்ணீர் வடித்தார். என்றேனும் ஒருநாள் தாமும் அசைவூட்டப் படம் எடுக்க வேண்டுமென்று உறுதிபூண்டார்.

இரண்டு மாதங்கள் கழிந்தன. ஜூன் மாதத்தில் ஒசாகாவின்மேல் பெரும் வான்தாக்குதல் நிகழ்ந்தது. தெசுகா தொழிற்சாலையின் காவல் கோபுரத்தின்மேல் நின்றிருந்தார். எரிகுண்டுகள் மழையெனப் பொழிந்தன. ஒன்று அவருக்கு மிக அண்மையில் விழுந்தது. எப்படியோ உயிர்தப்பி வெளியேறி யோதோ ஆற்றங்கரைக்கு வந்தவர், அங்கே கண்டவை எல்லாம் கருகிய உடல்கள். அன்றைக்குப்பின் அவர் அத்தொழிற்சாலைக்குத் திரும்பவில்லை; வீட்டில் அமர்ந்து யாரும் படிக்க வழியில்லாத மங்காவை வரைந்துகொண்டே இருந்தார். ஆகஸ்டு 15ஆம் நாள் போர் முடிந்தது. ஒசாகாவின் பெரிய அங்காடிக் கட்டடத்தில் நெடுநாளாக அணைந்திருந்த விளக்குகள் எரியக் கண்டபோதுதான், தாம் பிழைத்துவிட்டோம் என்பதை உணர்ந்தார். அந்த உணர்வே தம் படைப்புகள் அனைத்துக்கும் வேர் என்று அவர் பின்னாளில் பலமுறை எழுதினார். 1974இல் அவர் வரைந்த காகிதக் கோட்டை என்னும் சிறுகதையில் தொழிற்சாலையும் குண்டுவீச்சும் அப்படியே இடம்பெற்றுள்ளன.

அதே ஆண்டு அவர் ஒசாகாவில் மருத்துவக் கல்வியைத் தொடங்கினார். 1946 ஜனவரியில் சிறுவர் நாளிதழ் ஒன்றில் அவருடைய முதல் மங்கா தொடராக வந்தது. பகலில் உடற்கூறு, இரவில் ஓவியம். 1947இல் புதிய புதையல் தீவு என்னும் நூல் வெளிவந்தது. சகாய் ஷிச்சிமா என்னும் மூத்த ஓவியர் கதையமைப்பைத் தர, தெசுகா வரைந்தார். தாளுக்குப் பஞ்சம் நிலவிய காலம். தரம் குறைந்த தாளில் அச்சிட்ட மலிவுப் பதிப்பு அது. எனினும் நான்கு லட்சம் படிகள் விற்றதாகக் கூறுவர்.

அந்நூலில் என்ன புதுமை? அக்காலத்து மங்காவைத் திறந்தால், நாடக மேடையை எதிர் இருக்கையிலிருந்து பார்ப்பது போலவே பெரும்பாலான கட்டங்கள் அமைந்திருக்கும். மனிதர்கள் தலைமுதல் கால்வரை தெரிய நின்று பேசுவார்கள். புதிய புதையல் தீவின் தொடக்கத்தில் ஒரு சிறுவன் மகிழுந்தை ஓட்டிக்கொண்டு துறைமுகத்துக்கு விரைகிறான். வண்டி தொலைவில் தெரிகிறது; அடுத்த கட்டத்தில் அருகே வருகிறது; பிறகு சிறுவனின் முகம்; பிறகு சாலை. ஓரிரு பக்கங்களுக்குப் பேச்சே இல்லை. எனினும் படிப்பவரின் கண் வண்டியோடு சேர்ந்து ஓடுகிறது. தந்தையின் கருவியில் பார்த்த திரைப்படங்கள் தந்த பாடம் இது. இத்தகைய முயற்சியைச் செய்த முதல் மனிதர் அவர்தாம் என்று சொல்வது சரியன்று. முன்னரும் சிலர் முயன்றதுண்டு. ஆனால், அதை நூற்றுக்கணக்கான பக்கங்களுக்கு நீட்டி, சாவும் பிரிவும் உள்ள முழுநீளக் கதைகளைச் சொல்லும் வழியாக நாடெங்கும் நிலைபெறச் செய்தவர் தெசுகா. ஃபுஜிகோ ஃபுஜியோ இருவரும் பள்ளிச் சிறுவர்களாய் அந்நூலைக் கண்டு வியந்தே இத்துறைக்கு வந்தனர்.

இரண்டு குதிரைகளில் எத்துணைக் காலம் சவாரி செய்ய இயலும்? அவர் மருத்துவரானால் நோயாளிகள் பிழைப்பது அரிது என்றும், மங்கா வரைவதே அனைவருக்கும் நன்மை என்றும் பேராசிரியர் ஒருவர் அறிவுறுத்தினாராம். இதனை நகைச்சுவையாகத் தெசுகாவே எழுதியிருக்கிறார். உள்ளுக்குள் அது நகைச்சுவையாக இருந்திருக்காது. அக்காலத்தில் மருத்துவர் தொழில் மதிப்புக்குரியது. மங்கா வரைவதை எவரும் தொழிலாகவே கருதவில்லை. அவர் தாயிடம் யோசனை கேட்டார். இரண்டில் எது உண்மையில் பிடித்தது என்று தாய் கேட்க, மங்காதான் என்றார் மகன். அப்படியானால் அதையே செய் என்று தாய் விடை பகர்ந்தார். இருப்பினும் அவர் தொடங்கிய படிப்பைப் பாதியில் விடவில்லை. 1951இல் பட்டம் பெற்றார். 1952இல் தேசிய மருத்துவத் தேர்விலும் தேறினார். புகழின் உச்சியில் இருந்த 1961இல், நத்தையின் உயிரணுக்களை மின்னணு நுண்ணோக்கியில் ஆராய்ந்து மருத்துவத்தில் முனைவர் பட்டமும் பெற்றார். ஆயினும், மருத்துவத்தை அவர் தொழிலாக மேற்கொள்ளவே இல்லை.

1952இல் தொடங்கி 1968வரை ஒரே இதழில் தொடர்ந்த கதை அவருக்கு உலகப் புகழ் தந்தது. ஜப்பானியத்தில் அதன் தலைப்பு இரும்புக்கர அணு என்னும் பொருள் தரும். ஆங்கிலத்தில் ஆஸ்ட்ரோ பாய். விபத்தில் மகனை இழந்த அறிவியலாளர் ஒருவர், மகனைப் போலவே ஓர் இயந்திரச் சிறுவனைப் படைக்கிறார். ஆனால் இயந்திரம் வளராதே! ஆண்டுகள் கடந்தும் உயரம் கூடாத அப்பிள்ளையை வெறுத்து அவர் சர்க்கஸ் கூட்டத்துக்கு விற்றுவிடுகிறார். நல்லுள்ளம் கொண்ட வேறோர் அறிஞர் அவனை மீட்கிறார். அதன்பின் அவன் மனிதருக்கும் இயந்திரருக்கும் இடையே நின்று இருபாலாரையும் காக்க முயல்கிறான், இருபாலாராலும் ஐயுறப்படுகிறான். இதனை வெறும் வீரக் கதையாகப் படித்தவர்களே மிகுதி. எனக்கோ, இரண்டு இடங்களுக்கும் உரியவனாய் எவ்விடத்திலும் முழுமையாக ஏற்கப்படாத ஒரு பிள்ளையின் கதையாகவே அது தோன்றுகிறது.

1953இல் அவர் சிறுமியருக்கான இதழில் வேறொரு தொடரை வரையத் தொடங்கினார். ஆண் வாரிசுக்கே அரியணை என்னும் நாட்டில், ஆண் உடையில் வாள் சுழற்றும் சபையர் என்னும் இளவரசியின் கதை அது. அவளுக்கு ஆண் நெஞ்சம் ஒன்றும் பெண் நெஞ்சம் ஒன்றுமாக இரண்டு நெஞ்சங்கள். தகராசுகா அரங்கில் தாயின் அருகே அமர்ந்து பார்த்தவை இங்கே மங்காவாக மாறின. நாடக உலகிலிருந்து அவர் எடுத்துக்கொண்ட மற்றொன்றும் உண்டு. ஒரு கதையில் வரும் பாத்திரம் முடிந்துவிடாது. அதே முகம் அடுத்த கதையில் வேறு பெயரோடும் வேறு வேடத்தோடும் வரும். பெரிய மூக்குக் கிழவர் ஒரு கதையில் அறிஞர், மற்றொன்றில் துறவி. ஒரு நாடகக் குழுவின் நடிகர்களைப் போலத் தம் ஓவியங்களை அவர் நடிக்க வைத்தார்.

இக்காலத்தில் எதிர்ப்பும் எழுந்தது. 1955ஆம் ஆண்டளவில் மங்கா பிள்ளைகளைக் கெடுக்கிறது என்று பெற்றோர், ஆசிரியர் அமைப்புகள் பெருங்கிளர்ச்சி செய்தன. தெசுகாவின் படைப்புகளும் அக்கண்டனத்துக்குத் தப்பவில்லை. ஆசிரியர் அறையில் அவர் குறிப்பேட்டைச் சிரித்தபடி படித்த ஆசிரியர்கள் எல்லா ஊர்களிலும் இருந்திருப்பார்களா என்ன?

இனித் தொலைக்காட்சிக்கு வருவோம். அதற்குமுன் ஜப்பானியத் தெருக்களில் வாழ்ந்த ஓர் எளிய கலையை அறிதல் வேண்டும். மிதிவண்டியில் மரச்சட்டம் ஒன்றை வைத்துக்கொண்டு ஒருவர் தெருமுனைக்கு வருவார், கட்டைகளைத் தட்டி ஒலி எழுப்புவார், பிள்ளைகள் கூடுவர். சட்டத்தில் படங்களை ஒவ்வொன்றாக மாற்றி மாற்றிக் கதை சொல்வார். இது காகித நாடகம் எனப் பொருள்படும் கமிஷிபாய். கதைக்குக் கட்டணம் இல்லை. அவர் விற்கும் மிட்டாயை வாங்குவோர்க்கு முன்வரிசை. தொலைக்காட்சி வந்தபோது மக்கள் அதனை மின்சாரக் காகித நாடகம் என்றே அழைத்தனர்.

1963ஆம் ஆண்டு புத்தாண்டு நாளில் அணுச் சிறுவன் தொலைக்காட்சியில் பறந்து வந்தான். அரைமணி நேர அசைவூட்டத் தொடர் வாரந்தோறும் ஒளிபரப்பாவது ஜப்பானில் அதுவே முதல்முறை. அதனைத் தயாரித்தது தெசுகா நிறுவிய முஷி நிறுவனம். பெயரிலேயே பூச்சி இருப்பதைக் கவனியுங்கள். பணம் தந்து உதவியது இனிப்புகள் செய்யும் நிறுவனம் ஒன்று. கதைக்குக் கட்டணம் மிட்டாய் என்னும் தெருமுனை வழக்கம் மின்திரைக்கும் ஏறிவிட்டது.

வாரம் ஒரு படம் என்பது நடவாத செயல் என்றே பலரும் எண்ணினர். ஏன் என்பதை ஒரு சிறு கணக்கால் அறியலாம். திரைப்படச் சுருளில் ஒரு நொடிக்கு 24 படச்சட்டங்கள் ஓடுகின்றன. எனவே ஒரு நிமிடத்துக்கு 1,440. ஒவ்வொரு சட்டத்துக்கும் ஓர் ஓவியம் எனில் எத்தனை கைகள் வேண்டும்! தெசுகா ஓர் ஓவியத்தை மூன்று சட்டங்களுக்கு நிறுத்தினார்; நிமிடத்துக்கு 480 போதும் என்றாயிற்று. முகம் அசையாமல் நிற்க, வாய் மட்டும் அசைந்தது. ஒருமுறை வரைந்த பறக்கும் காட்சியைச் சேமித்து வைத்துப் பல வாரங்களில் பயன்படுத்தினார். இயக்கம் குறைந்த இடத்தைக் கதையும் இசையும் விரைவான காட்சி மாற்றமும் நிரப்பின. 1966 இறுதிவரை 193 படங்கள் வந்தன. 1963லேயே அமெரிக்கத் தொலைக்காட்சியிலும் அச்சிறுவன் பறந்தான். இன்று உலகம் அனிமே என்று அழைக்கும் கலையின் நடை பெரும்பாலும் அந்தச் சிக்கனத்திலிருந்து பிறந்ததே.

அந்த வெற்றிக்கு ஒரு விலையும் இருந்தது. தொடரைத் தொலைக்காட்சி நிலையம் ஏற்க வேண்டும் என்பதற்காக, ஆகும் செலவைவிடக் குறைந்த தொகைக்கே தெசுகா ஒப்புக்கொண்டார். பற்றாக்குறையைத் தம் மங்கா வருவாயிலிருந்து ஈடுகட்டினார். அவரால் இயன்றது, பிறரால் இயலுமா? மலிவு விலை துறைக்கே வழக்கமாகிவிட, ஓவியத் தொழிலாளர்கள் குறைந்த ஊதியத்துக்கு நெடுநேரம் உழைக்க நேர்ந்தது என்று பின்வந்த கலைஞர் பலர் அவரைக் குறைகூறினர். அக்குறையை முற்றிலும் மறுக்க எனக்கு மனம் வரவில்லை. தாம் உறங்காமல் உழைப்பவர், பிறரும் அவ்வாறே உழைப்பர் என்று எண்ணிவிடுவது எளிது.

அவர் குறைகளற்ற மனிதரும் அல்லர். ஒரே காலத்தில் பல இதழ்களுக்குத் தொடர் எழுத ஒப்புக்கொள்வார், காலக்கெடு தவறும், இதழ்க்காரர்கள் வீட்டிலேயே இரவு பகலாகக் காத்துக் கிடப்பர், அவர் அவர்களிடமிருந்து தப்பி ஓடியதும் உண்டு. இளைய ஓவியர் எவரேனும் புகழ்பெற்றால் அவருக்குப் பொறாமை எழும். தம்மைப் பின்பற்றி வளர்ந்த இஷினோமோரி ஷோதாரோ என்பவரின் புதுமையான படைப்பொன்றை அவர் கடுமையாகப் பழித்தார். மனம் நொந்த இளைஞர் அத்தொடரையே நிறுத்தத் துணிந்தார். செய்தி அறிந்த தெசுகா நேரே அவர் வீட்டுக்குச் சென்று மன்னிப்புக் கேட்டார். தாம் ஏன் அவ்வாறு நடந்துகொண்டோம் என்று தமக்கே வெறுப்பாக இருக்கிறது என்றார். நாற்பது வயது நெருங்கிய மாபெரும் கலைஞர் ஒருவர், தம்மை ஆசானாகக் கொண்ட இளைஞரின் வாயிலில் நின்ற அக்காட்சியை நான் அடிக்கடி நினைத்துப் பார்ப்பதுண்டு.

காலம் மாறியது. இருண்ட கோடுகளால் வாழ்வின் கொடுமையைக் காட்டும் புதிய மங்காவை இளைஞர் விரும்பினர். தெசுகாவின் உருண்டைக் கண்கள் பழமையாய்த் தோன்றின. 1973ஆம் ஆண்டு அவர் நிறுவிய முஷி நிறுவனம் கடனில் மூழ்கித் திவாலானது. தலைவர் பொறுப்பிலிருந்து முன்பே அவர் விலகியிருந்தும் கடன்சுமை அவரை விடவில்லை. அவருடைய காலம் முடிந்தது என்றே துறையில் பேசிக்கொண்டனர். வார இதழ் ஒன்று, அவருக்கு இறுதி மரியாதை செய்வது போல, சில வாரங்களுக்கு மட்டும் ஒரு தொடர் எழுத இடம் தந்தது.

அந்த இடத்தில் அவர் ஒரு மருத்துவரை வரைந்தார். தையல் தழும்பு ஓடும் முகம். பாதி கறுப்பும் பாதி வெளுப்புமான முடி. மருத்துவ உரிமம் இல்லாத, கொள்ளைக் கட்டணம் கேட்கிற, ஆனால் எவராலும் இயலாத அறுவையைச் செய்து முடிக்கிற பிளாக் ஜாக். இருபது ஆண்டுகளுக்குமுன் அவர் துறந்த மருத்துவம் அவரைக் கைதூக்கிவிட வந்தது. உயிரைக் காப்பாற்றுவதன் பயன் யாது, காப்பாற்றிய உயிர் மீண்டும் துன்புறுமாயின் மருத்துவர் செய்தது என்ன என்னும் வினாக்களை ஒவ்வொரு வாரமும் ஒரு கதையாக எழுப்பினார். சில வாரங்களுக்கு எனத் தொடங்கியது பத்தாண்டுகள் நீண்டது.

அதே ஆண்டுகளில் அவர் நம் நாட்டின் பக்கமும் திரும்பினார். 1972முதல் 1983வரை புத்தரின் வாழ்க்கையை நெடுந்தொடராக வரைந்தார். கபிலவஸ்துவும் மகதமும் கோசலமும் அதில் வருகின்றன. வரலாற்று மாந்தரோடு அவர் கற்பனையில் பிறந்த மாந்தரும் கலந்திருப்பதால் அதை வரலாற்று நூலாகக் கொள்ளுதல் கூடாது. சாதியால் தாழ்த்தப்பட்ட சிறுவர்களின் துயரத்திலிருந்து அக்கதை தொடங்குகிறது என்பது குறிப்பிடத்தக்கது. ஆங்கிலத்தில் எட்டுத் தொகுதிகளாக வந்துள்ளது. பள்ளி நூலகத்தில் கிடைத்தால் எடுத்துப் பாருங்கள்.

1988ஆம் ஆண்டு அவர் வயிற்றில் புற்றுநோய் இருப்பது தெரிந்தது. அக்கால ஜப்பானிய வழக்கப்படி அதனை நோயாளிக்குக் கூறவில்லை. மருத்துவம் கற்றவருக்குத் தம் உடலின் நிலை புரியாமல் இருந்திருக்குமா என்பது வேறு. மருத்துவமனைக் கட்டிலிலும் மூன்று தொடர்களை வரைந்துகொண்டிருந்தார். இறுதி நாள்களில் நினைவு தப்பித் தப்பி மீண்டபோதெல்லாம், தம்மை வேலை செய்ய விடுமாறு கெஞ்சினார் என்று உடனிருந்தோர் கூறியுள்ளனர். 1989 பிப்ரவரி 9ஆம் நாள் தம் அறுபதாம் வயதில் மறைந்தார்.

அவர் வரைந்தவை ஏறத்தாழ ஒன்றரை லட்சம் பக்கங்கள். 1946முதல் 1989வரை ஒரு நாளுக்கு எத்தனை பக்கங்கள் ஆகின்றன என்று வகுத்துப் பாருங்கள். தகராசுகா நகரில் 1994இல் அவருக்கு ஓர் அருங்காட்சியகம் திறக்கப்பட்டது. சிறுவயதில் தாயோடு சென்ற நாடக அரங்கு அங்கிருந்து நடந்து செல்லும் தொலைவில்தான் இருக்கிறது. பீத்தோவன் என்னும் இசைமேதையைப் பற்றி அவர் வரைந்துகொண்டிருந்த தொடர் முற்றுப்பெறவில்லை. மற்றொரு தொடரின் கடைசிப் பக்கங்கள் மை ஏறாமல், பென்சில் கோடுகளாகவே அச்சாயின.

பயிற்சி

அ. கபுகி அரங்குக்கும் தகராசுகா அரங்குக்கும் உள்ள வேறுபாட்டை உம் சொற்களில் எழுதுக.

ஆ. காகித நாடகக்காரருக்கும் அணுச் சிறுவன் தொடருக்குப் பணம் தந்த நிறுவனத்துக்கும் உள்ள ஒப்புமை யாது?

இ. தெசுகா குறைந்த விலைக்கு ஒப்புக்கொண்டது சரியா? இருபுறமும் நின்று வகுப்பில் வாதிடுக.

ஈ. நீர் புதிய ஊருக்கு வந்த முதல் நாளை ஆறு கட்டங்களில், பேச்சே இல்லாமல், படக்கதையாக வரைக. இப்பயிற்சிக்குக் குறிப்பேட்டின் கடைசிப் பக்கத்தைப் பயன்படுத்தலாம்.